நீர்ப்பாய்வும் நடுவுநிலையும்

ஓட்டப் பந்தயத்தில் முந்தியவர் எவர் என்பதைக் கடிகாரம் சொல்லிவிடும். பளு தூக்குவதில் வென்றவர் எவர் என்பதை எடைத்தட்டு சொல்லிவிடும். அங்கெல்லாம் நடுவர் என்பார் கருவிக்குக் காவலரேயன்றித் தாமே கருவி ஆவதில்லை. ஆனால் அழகும் செம்மையும் போட்டிக்கு வரும் களங்கள் சில உள. அங்கே அளக்கும் கோல் மனிதரின் கண்; பதிவாகும் ஏடு மனிதரின் மனம். கண்ணுக்கு அயர்ச்சி உண்டு. மனத்திற்குச் சார்பு உண்டு. அத்தகைய களங்களில் நீதி எங்ஙனம் காக்கப்படுகிறது, எங்ஙனம் தவறுகிறது என்பது ஆராயத்தக்கது.

அழகைச் சொல்லில் வடிப்போர்க்கும் அதனைச் சீர்தூக்குவோர்க்கும் இவ்வாராய்ச்சி பயன் தரும் எனக் கருதி, நம் இலக்கிய வட்டத்தின் பத்தாண்டு நிறைவு மலருக்கு, இலக்கியத்திற்குச் சற்றே அப்பாற்பட்ட ஒரு துறையின் வரலாற்றைத் தேர்ந்துகொண்டேன். அது ‘டைவிங்’ எனப்படும் நீர்ப்பாய்வுப் போட்டியின் தீர்ப்பு வரலாறு.

பத்து மீட்டர் உயர மேடையினின்றோ, மூன்று மீட்டர் உயரத்தில் அமைந்த உந்துபலகையினின்றோ ஒருவர் எழும்பி, இடைவெளியில் கரணங்களும் முறுக்குகளும் நிகழ்த்தி, துளியும் சிதறாமல் நீரினுள் நுழைய முயல்கிறார். எழும்பியது முதல் நீரைத் தொடும்வரை செல்லும் காலம் இரண்டு நொடிக்கும் குறைவு. பல்லாண்டுப் பயிற்சியின் பயனை அந்த இமைப்பொழுதில் கண்டு, சுழி முதல் பத்து வரையிலான ஓர் எண்ணால் உரைக்க வேண்டியது நடுவரின் கடமை. அரை மதிப்பெண்ணும் வழங்கலாம். அதனினும் நுண்ணிய பகுப்பு இல்லை.

அளவுநாடாவும் கண்ணும்

இக்கலையின் தோற்றத்தைச் செருமனியிலும் சுவீடனிலும் காணலாம். ஆங்குச் சீருடற்பயிற்சி செய்வோர் கோடைகாலத்தில் தம் பயிற்சிகளை நீர்க்கரைக்குக் கொண்டுசென்று, கரணம் அடித்து நீரில் விழுந்து பழகினர். இங்கிலாந்தில் 1895-இல் உயிர்காப்புச் சங்கத்தார் இலண்டன் ஹைகேட் குளத்தில் ‘எழில்மிகு பாய்ச்சல்’ என்னும் பொருள்படும் பெயரில் ஒரு போட்டியை நடத்தினர். போட்டியின் பெயரிலேயே எழில் இடம்பெற்றுவிட்டமை நோக்கத்தக்கது. எழிலுக்கு மதிப்பெண் இடுவோர் தேவைப்பட்டதும் அன்று முதற்கொண்டே எனலாம்.

ஒலிம்பிக் விழாவில் நீர்ப்பாய்வு முதன்முதல் இடம்பெற்றது 1904-இல், அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் நகரில். அவ்வாண்டு இருவகைப் பாய்ச்சல்கள் நடைபெற்றன. ஒன்று, தாவி நீரினுள் புகுந்து, கைகால் அசைக்காமல் எவ்வளவு தொலைவு மிதந்து செல்கிறார் என்பதை அளக்கும் போட்டி. அதில் வில்லியம் டிக்கி என்பவர் 19.05 மீட்டர் சென்று வென்றார். அதற்கு அளவுநாடா போதுமாக இருந்தது. வழக்கு எதுவும் எழவில்லை. மற்றொன்று, மேடையினின்று கரணமிட்டுப் பாயும் போட்டி. வழக்கு எழுந்தது இங்கேதான்.

செருமானிய வீரர்கள் கடினமான பல கரணங்களைச் செய்து காட்டினர். ஆனால் நீரில் நுழையும்போது உடல் படர்ந்து விழுந்தனர். அமெரிக்க வீரர்கள் எளிய பாய்ச்சல்களைச் செய்தனர். ஆனால் செம்மையாக நீரில் நுழைந்தனர். வானில் செய்த வித்தைதான் கலை, நீரில் விழும் விதம் பொருட்டன்று என்பது செருமானியர் வாதம். தொடங்கியதைச் செம்மையாக முடித்தலே கலை என்பது அமெரிக்க நடுவர்களின் கொள்கை. ஜார்ஜ் ஷெல்டன் என்னும் அமெரிக்கர் முதலிடம் பெற்றார். செருமானியர் எதிர்ப்புத் தெரிவித்தனர். மூன்றாமிடத்திற்கு இருவர் சமமாக நின்றபோது, அவர்களுள் ஒருவராகிய ஆல்ஃபிரெட் பிரவுன்ஷ்வைகர் மீண்டும் பாய மறுத்துவிட்டார்.

இவ்வழக்கில் எவரும் பொய் உரைத்ததாகக் கொள்ள வேண்டியதில்லை. இரு தரப்பாரும் தத்தம் கொள்கையில் உண்மையாகவே நின்றனர். குறை யாதெனில், எது சிறப்பு என்னும் வரையறையைப் போட்டிக்கு முன்னரே இரு தரப்பாரும் ஒப்பி ஏற்கவில்லை. இலக்கணம் வகுக்காமல் இலக்கியத்தைத் தீர்ப்பது போன்றதே இது. நடுவர் நல்லவராக இருந்தால் மட்டும் நீதி பிறந்துவிடாது. விதி முன்கூட்டி அறிவிக்கப்பட்டிருக்க வேண்டும் என்பது முதல் ஒலிம்பிக் நீர்ப்பாய்வு தந்த பாடம்.

இசைத்து முடித்த பின் மாறிய வெற்றி

1908-இல் இலண்டனில் அனைத்துலக நீச்சல் கூட்டமைப்பு தோன்றியது. ஃபினா எனும் சுருக்கப் பெயரால் நெடுங்காலம் அறியப்பட்ட இவ்வமைப்பு, 2022-ஆம் ஆண்டின் இறுதியில் தன் பெயரை மாற்றிக்கொண்டது. விதிகளை வகுக்க ஒரு பொது அமைப்பு வந்தபின் வழக்குகள் ஒழிந்தனவா எனின், இல்லை. அவற்றின் தன்மைதான் மாறியது. 1928-ஆம் ஆண்டு ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக் அதற்குச் சான்று.

மேடைப் பாய்ச்சலில் எகிப்து நாட்டின் ஃபரீத் சிமைக்கா 99.58 புள்ளிகள் பெற்றார். அமெரிக்காவின் பீட் டெஜார்டின்ஸ் பெற்றவை 98.74. சிமைக்காவே வென்றார் என அறிவிக்கப்பட்டது. எகிப்து நாட்டுப் பண்ணும் இசைக்கப்பட்டது. அதன் பின்னரே விதி நினைவுகூரப்பட்டது. வெற்றியை உறுதி செய்வது மொத்தப் புள்ளியன்று. ஒவ்வொரு நடுவரும் எவரை முதலிடத்தில் வைத்தார் என்னும் வரிசையே என்பது அன்றைய விதி. ஐந்து நடுவர்களுள் நால்வர் டெஜார்டின்ஸை முதலிடத்தில் வைத்திருந்தனர். தங்கம் அவருக்கு மாறியது. சிமைக்கா வெள்ளியோடு நின்றார்.

மேலோட்டமாக நோக்கின் இது சிமைக்காவுக்கு இழைக்கப்பட்ட அநீதி எனத் தோன்றும். ஆழ்ந்து நோக்கின் அவ்விதியில் ஒரு நியாயம் இருப்பது புலனாகும். ஐவருள் ஒருவர் மட்டும் ஒருவர்பால் மிகுந்த பற்றுக்கொண்டு மதிப்பெண்ணை வாரி வழங்கிவிட்டால், மற்ற நால்வரின் தீர்ப்பும் அந்த ஒருவரின் வெள்ளத்தில் அடித்துச் செல்லப்படும். அதைத் தடுப்பதற்கே வரிசைமுறை வகுக்கப்பட்டது. எனவே முடிவு விதிக்கு மாறானதன்று.

எனினும் விதியை அறிந்திருக்க வேண்டியவர்களே அதனை மறந்து, கூட்டல் கணக்கை மட்டும் நம்பி வெற்றியை முழக்கிவிட்டனர். நாட்டுப் பண்ணைக் கேட்டு நின்ற மனிதரிடமிருந்து வெற்றியைத் திரும்பப் பெறுவது, அதனை முதலிலேயே வழங்காமல் இருப்பதைவிடக் கொடியது. தீர்ப்பைப் போலவே தீர்ப்பை அறிவிக்கும் முறையும் அறத்தின்பாற்பட்டது. சிமைக்கா பின்னர் அமெரிக்காவில் குடியேறி, இரண்டாம் உலகப் போரில் அந்நாட்டுப் படையில் பணியாற்றி, 1943-இல் உயிர் துறந்தார். எந்த நாட்டு வீரரிடம் வெற்றியை இழந்தாரோ, அந்நாட்டுக்காகவே உயிரையும் ஈந்தார் என்பதை வரலாற்றின் விந்தை எனலாம்.

மேடைக்கு ஏறும் முன்னர்

நடுவர் மேசையில் நிகழும் அநீதியை மட்டும் பேசி முடித்துவிட்டால் இவ்வரலாறு குறையுடையதாகும். மேடையில் ஏறுவதற்கு முன்னரே சிலர்க்குத் தீர்ப்பு எழுதப்பட்டுவிடுகிறது.

கொரியப் பெற்றோர்க்கு அமெரிக்காவில் பிறந்த சேமி லீ, கலிபோர்னியாவின் பாசதீனா நகரப் பொது நீச்சல் குளத்தில் வாரத்தில் ஒருநாள் மட்டுமே இறங்க முடிந்தது. வெள்ளையரல்லாதார்க்கென ஒதுக்கிய அந்நாளின் முடிவில் குளத்து நீர் வெளியேற்றப்படும். எஞ்சிய நாள்களில் அவர் மணல் நிரப்பிய குழியில் பாய்ந்து பழகினார். பிலிப்பைன்ஸ் நாட்டுத் தந்தைக்கும் ஆங்கிலேயத் தாய்க்கும் பிறந்த விக்கி டிரேவ்ஸ், சான் பிரான்சிஸ்கோவில் பயிற்சி பெறுவதற்காகத் தந்தையின் பெயரை மறைத்துத் தாயின் குடும்பப் பெயரைப் பூண வேண்டியிருந்தது.

1948-ஆம் ஆண்டு இலண்டன் ஒலிம்பிக்கில் சேமி லீ மேடைப் பாய்ச்சலில் தங்கம் வென்றார். விக்கி டிரேவ்ஸ் மேடை, உந்துபலகை ஆகிய இரண்டிலும் தங்கம் வென்றார். நடுவர்கள் அவர்களின் பாய்ச்சலைக் கண்டனர், பிறப்பைக் காணவில்லை. ஊர்க்குளம் மறுத்த நீதியை உலக அரங்கம் வழங்கியது. ஆயின் மணற்குழியோடு நின்றுபோனவர் எத்தனை பேர், பெயரை மறைக்க மனமில்லாமல் விலகிப் போனவர் எத்தனை பேர் என்னும் கணக்கை எந்த மதிப்பெண் பட்டியலும் காட்டாது.

நூற்றில் மூன்று பங்கு

1956-இல் மெல்போர்ன் ஒலிம்பிக்கின் மேடைப் பாய்ச்சலில் மெக்சிகோவின் ஹோவாக்கின் கபீயா 152.44 புள்ளிகள் பெற்றார். அமெரிக்காவின் கேரி டோபியன் பெற்றவை 152.41. இடைவெளி 0.03. இந்நுண்ணிய வேறுபாட்டைக் காண வல்ல கண் மனிதரிடம் இல்லை. கண் தந்தவை அரை மதிப்பெண்கள். அவற்றைப் பெருக்கியும் கூட்டியும் வகுத்தும் பெற்ற கணக்கே இவ்வேறுபாட்டைப் படைத்தது.

சோவியத், அங்கேரிய நடுவர்கள் வேண்டுமென்றே தம் வீரர்க்குக் குறைத்து மதிப்பெண் இட்டனர் என அமெரிக்கத் தரப்பினர் முறையிட்டனர். முறையீடு தள்ளுபடியாயிற்று. ஈண்டு ஒன்று கருதத்தக்கது. அவ்வாண்டு நவம்பரில்தான் சோவியத் படை அங்கேரியின் எழுச்சியை நசுக்கியது. அதே மெல்போர்னில் அவ்விரு நாட்டார்க்கும் இடையே நடந்த வாட்டர் போலோ ஆட்டத்தில் குருதி சிந்தியது. அத்தகைய பகை மூண்டிருந்த இரு நாடுகளின் நடுவர்களையே ஒரே அணியாகக் கருதி ஐயுற்றனர். ஐயம் என்பது சான்றைத் தேடிச் செல்வதில்லை. தனக்கு ஏற்ற உருவைத் தானே வரைந்துகொள்கிறது.

மறுபுறம், கபீயாவின் வரலாற்றையும் எண்ண வேண்டும். 1948-இல் வெண்கலம், 1952-இல் வெள்ளி, 1956-இல் தங்கம் என எட்டாண்டுகள் படிப்படியாக ஏறி வந்தவர் அவர். தோற்றவர்க்கு இழைத்த அநீதி என்று ஆராயாமல் முழங்கினால், அது வென்றவர்க்கு அநீதியாகிவிடும். நடுவரை ஐயுறுவதற்கும் ஓர் அறம் உண்டு என்பதை இந்நிகழ்ச்சி உணர்த்துகிறது.

கடின எண்ணின் வலிமை

செயின்ட் லூயிஸில் எழுந்த வினாவுக்குக் காலப்போக்கில் கண்ட விடையே ‘கடின எண்’. ஒவ்வொரு பாய்ச்சலுக்கும், அதில் அடங்கிய கரணங்கள், முறுக்குகள், உடல் நிலை, உயரம் ஆகியவற்றைக் கருதி ஓர் எண் முன்னரே அட்டவணையில் குறிக்கப்பட்டுள்ளது. நடுவர் செம்மைக்கு மட்டும் மதிப்பெண் இடுவார். பாய்ச்சல் எவ்வளவு கடினமானது என்பதை அவர் கருத்தில் கொள்ளலாகாது. நீருக்கடியில் நிகழும் அசைவையும் கருதலாகாது. தொடக்க நிலை, எழும்பல், வானில் உடலின் போக்கு, நீர்நுழைவு ஆகியவையே அவர் காண வேண்டியவை. அவர்தம் மதிப்பெண்ணைக் கடின எண்ணால் பெருக்குவது கணக்கரின் வேலை.

இப்பகுப்பு மிகச் சிறந்தது. துணிவையும் செம்மையையும் ஒரே மனத்தில் போட்டுக் குழப்பாமல், துணிவை அட்டவணைக்கும் செம்மையைக் கண்ணுக்கும் பிரித்துக் கொடுத்துவிட்டனர். ஆயினும் இதனால் வழக்கு ஓயவில்லை என்பதற்கு 1988-ஆம் ஆண்டு சியோல் ஒலிம்பிக் சான்று பகரும்.

மேடைப் பாய்ச்சலின் இறுதிச் சுற்று. நான்காண்டுகளுக்கு முன் இரு தங்கம் வென்ற அமெரிக்காவின் கிரெக் லூகானிஸ், பதினான்கு வயதுச் சீனச் சிறுவன் சியோங் நீயைவிடச் சரியாக 3 புள்ளிகள் பின்தங்கியிருந்தார். கடைசிப் பாய்ச்சலில் சிறுவனுக்குக் கிடைத்தவை 82.56 புள்ளிகள், லூகானிஸுக்குக் கிடைத்தவை 86.70. மொத்தத்தில் 638.61-க்கு 637.47 என, 1.14 புள்ளி இடைவெளியில் லூகானிஸ் வென்றார்.

இவ்வெண்களைச் சற்றே பிரித்துப் பார்ப்போம். அன்றைய விதிப்படி ஏழு நடுவர்களின் மதிப்பெண்களுள் மிகுதியானது ஒன்றும் குறைவானது ஒன்றும் நீக்கப்படும். எஞ்சிய ஐந்தின் கூட்டுத்தொகை கடின எண்ணாலும் 0.6-ஆலும் பெருக்கப்படும். சிறுவனின் பாய்ச்சலுக்குக் கடின எண் 3.2, லூகானிஸின் பாய்ச்சலுக்கு 3.4. கணக்கிட்டால், எஞ்சிய ஐந்து நடுவர்கள் சிறுவனுக்கு இட்டவை ஐம்பதுக்கு 43. லூகானிஸுக்கு இட்டவை 42.5. அஃதாவது, கடைசிப் பாய்ச்சலில் செம்மையில் முந்தியவன் சிறுவன். துணிவில் முந்தியவர் லூகானிஸ். அட்டவணை துணிவின் பக்கம் நின்றது.

பெயர் பெற்றவர் என்பதனால் லூகானிஸுக்கு நடுவர்கள் சாய்ந்தனர் என்று அன்று பேசியவர் உண்டு. போட்டி முழுமைக்கும் அதனை மறுக்கவோ நிறுவவோ இச்சிறு கணக்கு போதாது. ஆயின் கடைசிப் பாய்ச்சலைப் பொறுத்தவரை, புகழுக்கு நடுவர்கள் அடிபணிந்ததாக எண்கள் காட்டவில்லை. கடினமானதைத் தேர்ந்துகொண்ட துணிவே அங்கு வென்றது. சியோங் நீ மனம் தளரவில்லை. 1996-இலும் 2000-இலும் உந்துபலகையில் தங்கம் வென்றார். 2000-ஆம் ஆண்டு சிட்னியில் அவர் மெக்சிகோவின் ஃபெர்னாந்தோ பிளாத்தாஸை வென்ற இடைவெளி வெறும் 0.30. கடின எண் 3.0 உடைய ஒரு பாய்ச்சலில் கணக்கில் சேர்ந்த ஒரேயொரு நடுவர் அரை மதிப்பெண் மாற்றியிருந்தால் 0.90 புள்ளி மாறியிருக்கும். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் நூலிழையில் தோற்றவர், நூலிழையில் வென்றார்.

மீண்டும் பாய இசைவு

தீர்ப்பில் மதிப்பெண்ணைவிடக் கடினமான பகுதி ஒன்று உண்டு. இடையூறு நேர்ந்ததாக வீரர் முறையிடும்போது மீண்டும் பாய இசைவு தருவதா, மறுப்பதா என்பதே அது.

1980-ஆம் ஆண்டு மாஸ்கோவில் உந்துபலகை இறுதிப் போட்டி. அடுத்த பகுதியில் இருந்த நீச்சல் குளத்தில் எழுந்த பேராரவாரம் தம் கவனத்தைக் கலைத்ததாகச் சோவியத் வீரர் அலெக்சாந்தர் போர்த்னோவ் முறையிட்டார். அவரது பாய்ச்சல் படுதோல்வியாக முடிந்திருந்தது. சுவீடனைச் சேர்ந்த தலைமை நடுவர் மீண்டும் பாய இசைந்தார். போர்த்னோவ் தங்கம் வென்றார். வெள்ளி பெற்ற கார்லோஸ் ஹிரோனின் நாடாகிய மெக்சிகோ கொதித்தெழுந்தது. அதே போட்டியில் ஒளிப்படக் கருவிகளின் மின்னல் வெளிச்சத்தால் இடர்ப்பட்டதாகக் கிழக்குச் செருமனியின் ஃபால்க் ஹாஃப்மன் சார்பில் எழுந்த முறையீடு ஏற்கப்படவில்லை. கூட்டமைப்பு தலைமை நடுவரின் முடிவை உறுதி செய்தது. அப்போது அக்கூட்டமைப்பின் தலைவராக இருந்த ஹாவியேர் ஓஸ்தோஸ் ஒரு மெக்சிகர் என்பதை நினைவிற் கொள்ளல் வேண்டும். தம் நாட்டு வீரர்க்குப் பாதகமான முடிவு அவர் தலைமையின் கீழேயே நிலைநிறுத்தப்பட்டது.

2012-இல் இலண்டன் ஒலிம்பிக்கில் இதே காட்சி மீண்டும் நிகழ்ந்தது. உள்நாட்டு வீரர் டாம் டேலி, முதற்சுற்றில் பார்வையாளர்களின் ஒளிப்படக் கருவி மின்னலால் இடர்ப்பட்டதாக முறையிட்டார், மீண்டும் பாய இசைவு கிடைத்தது, வெண்கலம் வென்றார். தங்கம் பெற்ற அமெரிக்காவின் டேவிட் பௌடியாவுக்கும் வெள்ளி பெற்ற சீனாவின் சியூ போவுக்கும் இடைவெளி 1.80 மட்டுமே என்பதால் ஒவ்வொரு பாய்ச்சலின் மதிப்பையும் உணரலாம்.

மாஸ்கோவில் ஆரவாரம் ஏற்கப்பட்டது, மின்னல் மறுக்கப்பட்டது. இலண்டனில் மின்னல் ஏற்கப்பட்டது. இரண்டிலும் இசைவு பெற்றவர் விருந்தளித்த நாட்டின் வீரர். இரு தலைமை நடுவர்களும் தம் மனச்சான்றின்படியே நடந்திருக்கலாம். எனினும் ஒரே வகை முறையீட்டுக்கு ஒரே வகை விடை கிடைக்காதபோது, நீதி செய்யப்பட்டிருந்தாலும் நீதியாகத் தோன்றாது. இரக்கத்தினால் செய்யும் விலக்கு எவர்க்கும் பொதுவாக இருத்தல் வேண்டும். இல்லையெனில் இரக்கமே சார்பாகிவிடும்.

அண்டைக் களங்கள் தரும் சான்று

நீர்ப்பாய்வுக்கு அண்டையில் உள்ள இரு களங்களின் நிகழ்ச்சிகளும் ஈண்டு எண்ணத்தக்கன. 1992-இல் பார்சிலோனாவில் ஒத்திசை நீச்சல் தனியர் போட்டியில், பிரேசில் நாட்டு நடுவர் ஒருவர் கனடாவின் சில்வி ஃபிரெஷெட்டுக்கு 9.7 இட எண்ணி, கை தவறி 8.7 எனப் பதிந்துவிட்டார். உடனே திருத்த முயன்றார், முடியவில்லை. பதிந்த எண்ணே நின்றது. தங்கம் அமெரிக்காவின் கிரிஸ்டன் பாப்-ஸ்பிரேக்குக்குச் சென்றது. 1993-இல்தான் ஃபிரெஷெட்டுக்கும் தங்கம் வழங்கப்பட்டது. இங்குத் தவறிழைத்தவர் தம் தவற்றை மறைக்கவில்லை, திருத்திக்கொள்ளவே துடித்தார். ஆனால் திருத்த வழியில்லாமல் விதி இறுகிக் கிடந்தது. மனிதர் தவறுவர் என்பதை ஏற்காத விதி மனிதர்க்கு உரியதன்று.

2002-இல் சால்ட் லேக் சிட்டி குளிர்கால ஒலிம்பிக்கில் பனிச்சறுக்கு நடன இணையர் போட்டியின் தீர்ப்பு பெரும் பூசலாயிற்று. பிரெஞ்சு நடுவர் ஒருவர் தம்மேல் வந்த அழுத்தத்துக்கு இணங்கி வாக்களித்ததாகச் செய்தி வெளிப்பட, கனடிய இணையர்க்கும் இரண்டாவது தங்கம் வழங்கப்பட்டது. பழைய ஆறு மதிப்பெண் முறையே பின்னர் கைவிடப்பட்டது. நடுவர்களை அழுத்தத்தினின்று காக்க வேண்டி, எந்த மதிப்பெண் எவருடையது என்பதை மறைக்கும் முறை கொண்டுவரப்பட்டது. காக்க வந்த மறைவு ஐயத்தையே வளர்த்தது. 2016-இல் அம்மறைவு நீக்கப்பட்டது. முகம் மறைத்த நீதியை மக்கள் நம்புவதில்லை.

எண்கள் உரைக்கும் உண்மை

இன்றைய நீர்ப்பாய்வு விதிப்படி ஏழு நடுவர்களின் மதிப்பெண்களுள் மேல் இரண்டும் கீழ் இரண்டும் நீக்கப்பட்டு, நடுவில் நிற்கும் மூன்று மட்டும் கணக்கில் சேரும். 2021-இல் நடைபெற்ற டோக்கியோ ஒலிம்பிக்கில் பதினான்கு வயதுச் சீனச் சிறுமி குவான் ஹோங்சான் 466.20 புள்ளிகளுடன் மேடைத் தங்கம் வென்றபோது, ஐந்து பாய்ச்சல்களுள் மூன்றில் அந்நடு மூன்றும் முழுப் பத்தாகவே இருந்தன. கண்கள் பல ஒன்றுபட்டு வியந்த அரிய நிகழ்ச்சி அது.

நீக்கும் முறையால் சார்பு முற்றும் ஒழிகிறதா என்பதை ஓர் எடுத்துக்காட்டால் காண்போம். ஏழு நடுவர்கள் 7, 7.5, 7.5, 8, 8, 8.5, 9 என இட்டதாகக் கொள்வோம். நடு மூன்று 7.5, 8, 8, கூட்டுத்தொகை 23.5. கடின எண் 3.2 எனில் 75.20 புள்ளி. இவர்களுள் 7.5 இட்ட ஒருவர் சார்பினால் 9 இடுகிறார். அந்த 9 நீக்கப்பட்டுவிடும். ஆனால் நடு மூன்று இப்போது 8, 8, 8.5 ஆகிவிடுகிறது, கூட்டுத்தொகை 24.5, புள்ளி 78.40. நீக்கப்பட்ட மதிப்பெண்ணே 3.20 புள்ளியை மாற்றிவிட்டது. சியோலின் 1.14-ஐயும் இலண்டனின் 1.80-ஐயும் இதனோடு ஒப்பிட்டு நோக்குக. ஒருவர் சார்பை மற்றவர் எண்ணிக்கை தணிக்குமேயன்றி அழிக்காது.

சிட்னி ஒலிம்பிக்கில் 25 நடுவர்கள் இட்ட 10,787 மதிப்பெண்களைப் புள்ளியியல் அறிஞர் சிலர் ஆராய்ந்து 2009-இல் வெளியிட்டனர். நடுவர்களுள் சிலர் தம் நாட்டு வீரர்க்குச் சற்றே கூடுதலாக மதிப்பெண் இடும் போக்கு உடையவர் என்பது அதனால் தெரியவந்தது. அச்சார்பு சிறிதே. பலர் அதனை அறிந்தே செய்தனர் என்றும் கொள்ள வேண்டியதில்லை. நம்மவர் பாயும்போது நம் நெஞ்சும் உடன் பாய்கிறது. அந்தத் துடிப்பே கையில் அரை மதிப்பெண்ணாக இறங்கிவிடுகிறது. இவ்வாராய்ச்சி இயன்றமைக்குக் காரணம் ஒன்றே: ஒவ்வொரு நடுவரின் ஒவ்வொரு மதிப்பெண்ணும் பெயரோடு பதிவாகிப் பொதுவில் கிடைத்தமை.

நடுவரின் அறமும் நம் அரங்கும்

வள்ளுவர் நடுவுநிலைமைக்கெனத் தனி அதிகாரமே வகுத்தார். இறையனார் களவியல் உரையின் வரலாறோ, தீர்ப்பின் அறத்தை ஒரு கதையாகவே நம் முன் வைக்கிறது. சங்கப் புலவர் பலர் உரை கண்டனர். எவர் உரை மெய்யுரை எனத் தெளிய இயலவில்லை. அதனைத் தீர்க்க அமர்த்தப்பெற்றவன் உப்பூரிகுடி கிழார் மகன் உருத்திரசன்மன் என்னும் ஐந்து அகவை ஊமைச் சிறுவன். நக்கீரர் உரை கேட்டபோது அவன் கண்ணீர் வார்த்தான், மெய்ம்மயிர் சிலிர்த்தான். அதுவே தீர்ப்பாயிற்று.

புலமையில் மிக்க சங்கத்தார் ஓர் ஊமைச் சிறுவனை ஏன் தேடினர்? அவனுக்குக் கட்சியில்லை, மாணவர் இல்லை, பகைவர் இல்லை, நாளை பெற வேண்டிய நன்மையும் இல்லை. விருப்பு வெறுப்பற்ற கண்ணுக்காக மனிதர் கொண்ட ஏக்கமே அக்கதை. நீர்ப்பாய்வு வரலாறு அதே ஏக்கத்தின் மற்றொரு வடிவம். ஊமைச் சிறுவன் கிடைக்காத இடத்தில் ஏழு பேரை அமர்த்தி, நால்வர் எண்ணை நீக்கி, எஞ்சியதை நம்புகின்றனர். சீருடற்பயிற்சியில் 2019 முதல் கணினிக் கருவியும் நடுவர்க்குத் துணையாக வந்துவிட்டது. கருவி கோணத்தை அளக்கும், மெய்ம்மயிர் சிலிர்க்காது. ஆதலின் மனிதக் கண்ணின் தேவை ஒழிந்துவிடாது. அதன் பொறுப்பே மிகும்.

நம் வட்டமும் பத்தாண்டுகளாகக் கவிதைப் போட்டிகள் நடத்தி வருகிறது. மரபுக்கு இத்தனை, கற்பனைக்கு இத்தனை என நாமும் மதிப்பெண் இடுகிறோம். மரபுக் கவிதை எழுதுவோர் புதுக்கவிதையை அளக்கும்போதும், புதுக்கவிதையார் வெண்பாவை அளக்கும்போதும் செயின்ட் லூயிஸ் வழக்கே மீண்டும் எழுகிறது. கையெழுத்தைக் கண்டு கவிஞரை அறிந்துகொள்ளும் நடுவர், பெயரைக் கண்டு சாயும் நடுவர், தம் மாணவர் என்று நெகிழும் நடுவர் ஆகியோர் நம்மிடையேயும் இருத்தல் கூடும். அங்கே பதக்கம் பறிபோகும். இங்கே ஓர் இளம் பாவலர் எழுதுவதையே நிறுத்திவிடக்கூடும். இழப்பில் எது பெரிது என்பதை அன்பர்களே கருதிப் பார்க்கட்டும்.

நூறாண்டுக்கு மேற்பட்ட இவ்வரலாற்றினின்று நாம் கொள்ளத்தக்கவை சில. எதற்கு மதிப்பெண் என்பதை முன்னரே எழுதி அறிவித்தல். ஒருவரை நம்பாமல் பலரை அமர்த்தல். உறவும் நன்மையும் உடையவர் தாமே விலகி நிற்றல். இட்ட மதிப்பெண்ணைப் பெயரோடு வெளியிட அஞ்சாமை. தவறு நேர்ந்தால் திருத்த வழி வைத்தல். விலக்கு அளித்தால் எல்லார்க்கும் ஒன்றுபோல் அளித்தல். இவ்வாறும் அமைந்தபின்னும் தீர்ப்பு தவறக்கூடும். ஆனால் அப்போது தோற்றவர் தம் தோல்வியை ஏற்றுக்கொண்டு அடுத்த முறையும் மேடை ஏறுவார். தோற்றவர் மீண்டும் வரத் துணியும் களமே நீதி வாழும் களம். சியோலில் தோற்ற சிறுவன் மீண்டும் மேடைக்கு வந்தமைக்கு அவன் ஊக்கம் ஒரு காரணம். அக்களத்தின் மீது அவன் முற்றிலும் நம்பிக்கை இழக்காமை மற்றொரு காரணம் எனக் கொள்ளலாம். அந்நம்பிக்கையைக் காப்பதே நடுவர் என்பார்க்கு நாம் அளிக்கும் இருக்கையின் பொருள்.